இலை என்று எழுதி எலை என்று சொல்கிறோம், அம்மிணி

கவுந்தப்பாடி

அன்புள்ள அம்மிணிக்கு,

அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். நீயும் மாப்பிள்ளையும் பேரனும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். கீழ்பவானி வாய்க்காலில் தண்ணீர் வந்துவிட்டதால் பகலில் உட்கார நேரமில்லை. இரவு சாப்பாட்டுக்குப் பின் இதை எழுதுகிறேன்.

போன ஞாயிறு நீ சொன்னதைப் பற்றித்தான் இந்தக் கடிதம். பேரன் பள்ளியிலிருந்து வந்து ‘புஸ்’ தாமதமாக வந்தது என்றானாம். நீ அதைப் ‘பஸ்’ என்று திருத்தினாயாம். தன் டீச்சரும் ‘புஸ்’ என்றுதான் சொல்கிறார் என்று அவன் வாதாடினானாம். அன்றிரவே அவனுடைய வாசிப்புப் புத்தகத்தில் வாழைப்பழத்துக்கான சொல்லை நீ ‘பா-னா-னா’ என்று படிக்க, “அது அப்படி இல்லைம்மா” என்று அவன் உன்னைத் திருத்தினானாம். ஆறு வயதுப் பிள்ளைக்கு முன்னால் வாய் திறக்கவே கூச்சமாக இருக்கிறது என்று நீ சொன்னபோது எனக்குத் தொண்டை அடைத்தது. முப்பத்திரண்டு ஆண்டுகள் அரசுப் பள்ளியில் ஆங்கிலம் நடத்தியவன் நான். உனக்கு எழுத்துக்கூட்டவும் பொருள் சொல்லவும் கற்றுக் கொடுத்தேனே தவிர, அந்த மொழியின் ஒலியைக் காது வழியாகக் கற்றுக் கொடுக்கவில்லை. அந்தக் கடனை இப்போதாவது தீர்க்க வேண்டும் என்று நினைக்கிறேன். குழப்பம் வராமலிருக்க, ஆங்கில எழுத்தைச் சொல்லும்போது அதன் பெயரை மேற்கோள் குறிக்குள் எழுதுகிறேன். ஒலியைச் சொல்லும்போது நம் இலக்கணப்படி அகரம், ஆகாரம் என்றே எழுதுகிறேன்.

முதலில் ‘புஸ்’. பேரன் சொன்னது பிழையில்லை. நீ சொன்னதும் பிழையில்லை. ஒரு காலத்தில் இங்கிலாந்து முழுவதும் ‘யூ’ எழுத்தின் குறில் ஒலி நம் உகரமாகவே இருந்தது. கோப்பைக்கான சொல்லை எல்லோரும் ‘குப்’ என்றுதான் சொன்னார்கள். 17ஆம் நூற்றாண்டு வாக்கில் தெற்கே இருந்தவர்கள் உதட்டைக் குவிப்பதை விட்டுவிட்டார்கள். ஒலி கீழிறங்கி ஏறக்குறைய நம் அகரத்தின் பக்கம் வந்தது. வடக்கே அந்த மாற்றம் நடக்கவில்லை. நீ இருக்கும் லீட்ஸ் வடக்கில் இருக்கிறது. அங்கே இன்றும் ‘குப்’, ‘லுவ்’, ‘ப்ளுட்’ என்று சொல்கிறார்கள் என்றால், அது பழைய ஒலி அந்த மண்ணில் தங்கியிருப்பதன் அடையாளம். தெற்கிலும்கூட அது முழுவதும் போய்விடவில்லை. ‘புட்’, ‘புல்’, ‘புஷ்’, ‘ஃபுல்’ என்ற சொற்களில், உதடு சேரும் ஒலியின் அருகில் இருந்ததால் பழைய உகரம் பெரும்பாலும் தப்பிக்கொண்டது. ‘பட்’ என்ற சொல் மட்டும் ஏன் தப்பவில்லை என்று என் மாணவர்கள் ஆண்டுதோறும் கேட்பார்கள். ஒலி மாற்றம் அரசாணை போல எல்லா வீட்டுக்கும் ஒரே நாளில் வந்து சேர்வதில்லை என்றுதான் சொல்லியிருக்கிறேன்.

இதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை. உன் அம்மா விருந்துக்கு வாழை ‘எலை’ அறுத்துவரச் சொல்வாளே தவிர, ‘இலை’ என்று அவள் சொல்லி நீ கேட்டிருக்க மாட்டாய். உடம்பை ஒடம்பு என்கிறோம், இடத்தை எடம் என்கிறோம், உலகத்தை ஒலகம் என்கிறோம். இகரமும் உகரமும் சொல்லின் முதலில் நின்று, அடுத்த அசையில் அகரமோ ஐகாரமோ வந்தால், பேச்சில் அவை எகரமாகவும் ஒகரமாகவும் இறங்கிவிடுகின்றன. எழுத்து மட்டும் பழைய இடத்திலேயே நிற்கிறது. பள்ளியில் இலை என்று எழுதிவிட்டு வீட்டில் எலை என்று சொல்லும் பிள்ளை யாரும் தமிழ் எழுத்துமுறை பைத்தியக்காரத்தனமானது என்று சொல்வதில்லை. ஆங்கிலத்திலும் நடந்தது இதுதான். அங்கே நடந்த அளவு பெரிது, அவ்வளவே.

நம் உயிரெழுத்து பன்னிரண்டு. ஒவ்வொன்றுக்கும் தனி வடிவம் உண்டு. ஆங்கிலத்தில் உயிருக்கென்று ஐந்து எழுத்துகள்தாம் இருக்கின்றன, ‘ஒய்’ எழுத்து அவ்வப்போது துணைக்கு வரும். ஆனால் இங்கிலாந்துப் பேச்சில் உயிரொலிகள் ஏறக்குறைய இருபது. ஐந்தை வைத்துக்கொண்டு இருபதை எழுத வேண்டுமானால் எழுத்துகளை இரட்டிக்கவும் சேர்க்கவும் வேண்டியிருக்கிறது. அது முதல் சிக்கல். இரண்டாவது சிக்கல் காலத்தால் வந்தது. வில்லியம் காக்ஸ்டன் 1476இல் வெஸ்ட்மின்ஸ்டரில் அச்சுக்கூடம் வைத்தார். அச்சு வந்தபின் எழுத்துமுறை மெல்ல மெல்ல இறுகிக்கொண்டே போயிற்று. அதே நூற்றாண்டுகளில், சுமார் 1400 முதல் 1700 வரை, ஆங்கிலத்தின் நெடில்கள் எல்லாம் வாய்க்குள் ஒரு படி மேலே ஏறிக்கொண்டிருந்தன. ஓகாரம் ஊகாரமாயிற்று, ஏகாரம் ஈகாரமாயிற்று, ஏற்கெனவே உச்சியில் இருந்த ஈகாரம் மேலே போக இடமில்லாமல் ஐகாரமாகப் பிளந்தது, ஊகாரமும் அவ்வாறே ஔகாரமாயிற்று.

இதை நிலா என்ற சொல்லில் பார். ‘எம்’, இரண்டு ‘ஓ’, ‘என்’. அந்த இரண்டு ‘ஓ’வைப் போட்டவர்கள் தெரியாமல் போடவில்லை. அவர்கள் நிலாவை ‘மோன்’ என்று சொன்னார்கள். நெடில் ஓகாரத்துக்கு ‘ஓ’வை இரட்டித்து எழுதினார்கள். பிறகு வாய் ‘மூன்’ என்று மாறிவிட்டது, எழுத்து மாறவில்லை. பாதங்களைக் குறிக்கும் ‘ஃபீட்’ என்ற சொல்லில் இரண்டு ‘ஈ’ நிற்பதும் அப்படித்தான். அது ‘ஃபேட்’ என்று ஒலித்த காலத்தின் எழுத்து. வீடு ‘ஹூஸ்’ ஆக இருந்து ‘ஹவுஸ்’ ஆயிற்று.

இனி பேரன் ‘ஸ்ப்ளிட் டைகிராஃப்’ என்று சொல்லி உன்னை மிரட்டினானே, அதற்கு வருகிறேன். சொல்லின் கடைசியில் ஒலிக்காமல் நிற்கும் ‘ஈ’யைத்தான் அவர்கள் அப்படிச் சேர்த்துச் சொல்கிறார்கள். ‘கிட்’ என்ற சொல்லோடு அந்த ‘ஈ’ சேர்ந்தால் ‘கைட்’, பட்டம். ‘ஹாப்’ என்பது ‘ஹோப்’ ஆகும். ‘கட்’ என்பது ‘க்யூட்’ ஆகும். நான் வகுப்பில் இதை மந்திர ‘ஈ’ என்று சொல்லி நடத்தியிருக்கிறேன். ஆனால் அது மந்திரமில்லை. அந்த ‘ஈ’ ஒரு காலத்தில் ஒலித்தது. பெயருக்கான சொல்லை அன்றைக்கு ‘நாம’ என்று இரண்டு அசையாகச் சொன்னார்கள். நாம் கோயிலில் சொல்லும் நாமம் என்ற வடசொல்லும் அதுவும் ஒரே வேரில் பிறந்தவை. அதனால் அந்தப் பழைய ஆகாரத்தை நீ எளிதாக நினைவில் வைக்கலாம். காலப்போக்கில் கடைசி அசை தேய்ந்து உதிர்ந்தது, ஆகாரம் மேலேறி ஏகாரமாயிற்று, ‘நாம’ என்பது ‘நேம்’ ஆயிற்று. உதிர்ந்த அசையின் எழுத்து, முன்னால் இருப்பது நெடில் என்று காட்டும் அடையாளமாக நின்றுவிட்டது. அதற்கு மறுபக்கமும் உண்டு. மெய்யை இரட்டித்தால் முன்னால் இருப்பது குறில் என்று பொருள். இரவுச் சாப்பாட்டில் இரண்டு ‘என்’ இருப்பதால் அது ‘டின்னர்’. ஒரு ‘என்’ மட்டும் இருந்தால் ‘டைனர்’, சாப்பிடுகிறவர். பேரன் எழுதும்போது ஒற்றையா இரட்டையா என்று தடுமாறினால், உயிர் குறிலா நெடிலா என்று அவனைக் கேள். குறில் நெடில் கேட்டுப் பழகிய வீடு நம்முடையது. இந்த இடத்தில் உனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

‘கிவ்’, ‘ஹாவ்’, ‘லவ்’ என்ற சொற்களில் மட்டும் கடைசி ‘ஈ’ ஏன் வேலை செய்யவில்லை என்று அவன் கேட்பான். ஆங்கிலச் சொல்லை ‘வி’ எழுத்தில் முடிப்பது வழக்கமில்லை. அதனால் அங்கே அது சும்மா துணைக்கு நிற்கிறது. ‘லவ்’ என்பதில் ‘யூ’ இருக்க வேண்டிய இடத்தில் ‘ஓ’ இருப்பதற்கு வேறு கதை. கையால் எழுதிய காலத்தில் ‘யூ’, ‘என்’, ‘எம்’, ‘வி’ எல்லாம் ஒரே மாதிரியான குட்டைக் கோடுகள். அடுத்தடுத்து வந்தால் வேலிக்குச்சி நட்டதுபோல் தெரியும், எங்கே எந்த எழுத்து என்று பிரிக்க முடியாது. எழுதுகிறவர்கள் படிப்பவர் கண்ணுக்காக ‘யூ’வை ‘ஓ’ ஆக்கினார்கள். மகனுக்கான ‘சன்’, ‘கம்’, ‘வண்டர்’ எல்லாம் அந்த வகை. ‘ஈ’யும் ‘ஏ’யும் சேர்ந்து வரும் சொற்கள் இன்னும் சிதறிக் கிடக்கின்றன. தேநீருக்கான ‘டீ’ என்பதில் அது ஈகாரம், ‘ப்ரெட்’ என்பதில் குறில் எகரம், ‘க்ரேட்’ என்பதில் ஏகாரம். இவற்றைச் சொல் சொல்லாகப் பழகுவதுதான் வழி.

இப்போது என் வாழ்க்கையில் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். உன் அம்மாவுக்குக்கூட முழுதாகத் தெரியாது. வாத்தியார் வேலை கிடைப்பதற்கு முன் திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனி ஆபீஸில் ஓராண்டு இருந்தேன். வெளிநாட்டு பையர் ஒருவர் ட்ரங்கால் போட்டு, அனுப்பிய டி ஷர்ட் சாம்பிளில் காலரை மாற்றச் சொன்னார். நான் ‘கலரை மாற்றவும்’ என்று எழுதி உள்ளே கொடுத்தேன். நான்கு டஜன் சாம்பிள் சாயப்பட்டறைக்குப் போய் வேறு நிறத்தில், அதே பழைய காலரோடு திரும்பி வந்தது. முதலாளி என்னைத் திட்டவில்லை. அந்தச் சீட்டை மேசை மேல் வைத்துவிட்டுப் போனார். என் கையெழுத்து இன்றும் கண்ணில் நிற்கிறது. பிழை எங்கே என்று பல ஆண்டுகள் கழித்துத்தான் புரிந்தது. நாம் காலர், கலர் என்று நீளத்தால் பிரித்து வைத்திருக்கிறோம். என் காது நீளத்தைத் தேடியது. ஆங்கிலத்தில் இரண்டுமே குறில். அவர்கள் பிரிப்பது வாயின் வடிவத்தால்: காலருக்கு உதடு சற்றே வட்டமாகி ஒகரத்தின் பக்கம் போகும், கலருக்கு அப்படிப் போகாது. நீளம் கேட்காததால் நான் கலர் என்று முடிவு செய்துவிட்டேன். என் பேரன் வாயில் இந்தக் குழப்பம் வரவே வராது. லீட்ஸ் பேச்சில் கலர் ‘குலர்’ என்றும் காலர் ‘கொலர்’ என்றும் தெளிவாகப் பிரிந்து நிற்கும். அவனைச் சொல்லவிட்டு நீ கண்ணை மூடிக்கொண்டு கேள்.

கடைசியாக வாழைப்பழம். அதில் மூன்று ‘ஏ’ எழுத்து இருக்கிறது. நடுவில் இருப்பதற்கு மட்டும்தான் முழு உயிர். முதலிலும் கடைசியிலும் இருப்பவை வாயைத் திறந்தும் திறக்காமலும் நழுவிப் போகும் ஒரு சிற்றொலி. ஆங்கிலத்தில் மிக அதிகமாக ஒலிக்கும் உயிர் அதுதான், ஆனால் அதற்கென்று ஓர் எழுத்து இல்லை. டீச்சர், டாக்டர், டாலர் ஆகிய மூன்றின் கடைசி அசையும் அங்கே ஒரே ஒலி. எழுதும்போது ‘ஈ’, ‘ஓ’, ‘ஏ’ என்று மூன்று விதம். நாம் எழுதியிருக்கும் உயிருக்கெல்லாம் முழு மாத்திரை கொடுத்துப் படிப்பதால்தான் நம் ஆங்கிலம் அவர்கள் காதுக்குத் தட்டுகிறது. ஆனால் இது நமக்கு அன்னியமான பழக்கமும் இல்லை. ஈரோடு என்று சொல்லிப் பார். கடைசி உகரத்துக்கு உன் உதடு குவியவில்லை. அதைத்தான் குற்றியலுகரம், அரை மாத்திரை என்று நன்னூல் சொல்கிறது. அதை எழுதிய பவணந்தி முனிவர் பெருந்துறைக்குப் பக்கத்துச் சீனாபுரத்துக்காரர் என்று நம் பக்கத்தில் சொல்வது வழக்கம். நம்மைச் சுற்றி எத்தனை பாளையம் இருக்கிறது! எவராவது அந்த ஐகாரத்தை முழுதாகச் சொல்கிறார்களா? ‘பாளயம்’ என்றுதான் எல்லோர் வாயிலும் வருகிறது. அது ஐகாரக் குறுக்கம். சொல்லில் எந்த அசை அழுத்தம் பெறுகிறது என்பதை மட்டும் கண்டுபிடித்து அதை நன்றாகச் சொல், மற்றவற்றை ஈரோட்டின் உகரம்போல் விட்டுவிடு. பாதிக் கூச்சம் அங்கேயே போய்விடும்.

அந்தப் பள்ளித் தேர்வைப் பற்றியும் கவலைப்பட்டாய். 2012 முதல் இங்கிலாந்தில் முதல் வகுப்புப் பிள்ளைகளுக்கு அது நடக்கிறது. நாற்பது சொற்கள், அவற்றில் இருபது பொருளே இல்லாமல் உண்டாக்கிய சொற்கள், பக்கத்தில் ஒரு கற்பனைப் பிராணியின் படம் இருக்கும். பிள்ளை சொல்லை மனப்பாடமாகச் சொல்கிறானா, எழுத்திலிருந்து ஒலியை எடுக்கிறானா என்று பார்ப்பதற்குத்தான் அந்த ஏற்பாடு. பிள்ளையின் வட்டாரப் பேச்சைக் கணக்கில் எடுத்துக்கொண்டுதான் மதிப்பிடுவார்கள். ஆகவே அவனுடைய ‘புஸ்’ஸை நீ தொடாதே. நீ உன் ‘பஸ்’ஸை விடவும் வேண்டாம். இரவில் அவன் படிக்கும்போது பக்கத்தில் உட்கார்ந்து, அவன் விரல் வைக்கும் எழுத்தையும் வாயின் வடிவத்தையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டிரு.

வரும் ஞாயிறு கூப்பிடும்போது அவனையும் பக்கத்தில் உட்காரவை. ‘மூன்’, ‘நேம்’ இரண்டையும் ஒரு தாளில் எழுதிக் காட்டச் சொல். 1400இல் அவன் ஊர்க்காரர்கள் அதை எப்படி வாசித்திருப்பார்கள் என்று அப்பிச்சி வாசித்துக் காட்டுகிறேன். பதிலுக்கு அவன் எனக்கு ‘குலர்’ என்றும் ‘கொலர்’ என்றும் மாற்றி மாற்றிச் சொல்லட்டும். இந்த முறை நான் சரியாக எழுதுகிறேனா என்று நீ பார்.

அன்புடன்,
அப்பா