அந்தக் குட்டிக்கரணம் யுவென் வாவினுடையது: ஆஸ்கர் அகாடமிக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய அகாடமி ஆளுநர் குழுவினருக்கு,

வணக்கம். 2027இல் வெளியாகும் படங்களிலிருந்து ஸ்டண்ட் வடிவமைப்புக்கும் ஆஸ்கர் உண்டு என்று 2025 ஏப்ரலில் நீங்கள் அறிவித்தபோது, சண்டைக் காட்சிகளுக்காகவே திரையரங்குக்குப் போய் வளர்ந்த எனக்கு மனம் நிறைந்தது. ஹாங்காங் திரைப்பட விருதுகளில் 1980களிலிருந்தே இருக்கும் பிரிவு இது, தாமதமானாலும் வந்துவிட்டது. ஆயினும் அது சண்டையை வடிவமைப்பவருக்கான விருது. வடிவமைத்ததைத் தம் உடம்பால் செய்து முடிக்கும் டூப் கலைஞருக்கு என்ன மரியாதை என்று கேட்கவே இம்மடல்.

ஹாங்காங் டூப் கலைஞரும் நடிகருமான யுவென் வாவை மனத்தில் வைத்து எழுதுகிறேன். 'என்டர் தி டிராகன்' (1973) படத்தில் ஓஹாரா என்ற வில்லனின் அடியாளுடன் மோதும் புரூஸ் லீ, பின்பக்கமாகக் கரணமடித்தபடியே உதைக்கும் காட்சியை உலகமே கொண்டாடியது. கால்கள் மேலே போய் உடல் தலைகீழாகச் சுழலும் அந்தக் கணத்தில் முகம் நம் கண்ணுக்குப் பிடிபடுவதில்லை. சுழன்றவர் யுவென் வா. சீன இசை நாடகப் பள்ளியில் யூ ஜிம்-யுவென் என்ற ஆசிரியரிடம், ஜாக்கி சான், சம்மோ ஹங், யுவென் பியாவ் ஆகியோருடன் சிறுவயதிலிருந்தே பயின்று, ஆசிரியர் பெயரிலிருந்தே 'யுவென்' என்பதைப் பெற்றவர் அவர்.

டூப்பாகத் தொடங்கியவர், 1980களில் சம்மோ ஹங்கின் படங்களில் வில்லனாக முகம் காட்டினார். 'குங்ஃபூ ஹசில்' (2004) படத்தில் மனைவி மாடியிலிருந்து தூக்கி எறிய, கீழே கிடக்கும் வீட்டுக்காரரின் தலையில் பூந்தொட்டி வந்து விழுமே, அந்த வீட்டுக்காரர் இவர்தான். அதற்காக ஹாங்காங்கின் சிறந்த துணை நடிகர் விருதும் பெற்றார். விழுவதில்கூட ஒரு நடிப்பு உண்டு என்பதை அந்த ஒரு காட்சியே எனக்குக் கற்றுக்கொடுத்தது.

யாக்கிமா கனட், ஹால் நீடம், 2016இல் ஜாக்கி சான் என ஸ்டண்ட் துறையினருக்குக் கௌரவ ஆஸ்கர் வழங்கிய முன்மாதிரி உங்களிடம் உள்ளது. எழுபது வயதைக் கடந்துவிட்ட யுவென் வாவுக்கும் அவர் நம்மிடையே இருக்கும்போதே அதை வழங்குங்கள். புதிய விருதுக்குப் பரிந்துரைக்கப்படும் ஒவ்வொரு படத்துக்கும் டூப் கலைஞர்களின் பெயர்களையும் கேட்டு வாங்கி அரங்கில் வாசியுங்கள். 2028இல் நூறாவது விழா நடக்கும்போது அந்தப் பழைய கரணத்தைத் திரையில் ஒருமுறை ஓட்டி, அடித்தவர் இவர் என்று சொல்ல வேண்டுமெனக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தமிழ்நாட்டிலிருந்து ஒரு ரசிகன்