நல்ல கண்ணை ஏன் மூடுகிறார்கள்?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் கண் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். லென்ஸ், விழித்திரை, தலைகீழ் பிம்பம் எல்லாம் சரி. ஆனால் ‘கண் ஒரு கேமரா’ என்று முடித்துவிட்டீர்களே, அதற்குப் பின்னால்தானே விஷயமே இருக்கிறது!

என் மகளுக்கு ஐந்து வயதில் இடது கண் ‘சோம்பல் கண்’ (பார்வை சரியாக வளராத கண்) என்று தெரிந்தது. தினமும் சில மணி நேரம் வலது கண்ணில் பேட்ச் ஒட்டச் சொன்னார்கள். “கோளாறு ஒரு கண்ணில், கட்டு இன்னொரு கண்ணிலா?” என்று கேட்டார் மாமியார். எனக்கும் பதில் தெரியவில்லை. பதில் கிடைத்தது டேவிட் ஹூபெல் 1988இல் எழுதிய ‘ஐ, பிரெய்ன், அண்ட் விஷன்’ புத்தகத்தில்.

ஹூபெலும் டார்ஸ்டன் வீசலும் 1981இல் மருத்துவ நோபல் பெற்றவர்கள். அவர்களது முதல் கண்டுபிடிப்பே தற்செயல்தான். அதை ஹூபெல் மறைக்கவில்லை. 1958இல் பால்டிமோரில், மயக்கத்தில் இருந்த பூனையின் மூளையில் ஒரு நரம்பு செல்லுக்குப் பக்கத்தில் மின்முனையை வைத்து, செல்லின் மின்துடிப்பை ஒலிபெருக்கியில் கேட்டபடி, கறுப்புப் புள்ளி உள்ள கண்ணாடி ஸ்லைடைக் காட்டிக்கொண்டே இருந்தார்கள். மணிக்கணக்கில் ஒன்றும் நடக்கவில்லை. திடீரென்று, ஸ்லைடைச் செருகும்போது ஒலிபெருக்கி படபடவென்று வெடித்தது. புள்ளியைப் பார்த்து அல்ல. கண்ணாடி விளிம்பின் மெல்லிய நிழல் ஒரு குறிப்பிட்ட சாய்வில் நகர்ந்ததே, அதைப் பார்த்து! இன்னொரு செல்லுக்கு வேறொரு சாய்வு பிடிக்கும். எந்தக் கேமராவில் இப்படி நடக்கும்?

அப்புறம் வந்தவை பூனைக்குட்டிகள். பிறந்த சில நாட்களிலேயே ஒரு கண்ணின் இமையைத் தைத்து மூடிவிட்டு, சுமார் மூன்று மாதம் கழித்துத் திறந்தார்கள். விழித்திரையில் குறையில்லை. ஆனால் மூளையின் பார்வைப் பகுதியில் அநேகமாக எல்லா செல்களும் மறு கண் பக்கம் சாய்ந்திருந்தன. வளர்ந்த பூனைக்கு மாதக்கணக்கில் மூடினாலும் இப்படி ஆகவில்லை. பூனை வளர்க்கிறவள் நான், அந்தப் பக்கங்களை உறுத்தலோடுதான் படித்தேன். ஆனால் மகளின் பேட்ச் அப்போதுதான் புரிந்தது: வலது கண்ணையே நம்பிப் பழகிய மூளையை, இடது கண்ணையும் கவனிக்க வைக்கிற வேலை அது. சிறு வயதிலேயே தொடங்கினால் பலன் அதிகம் என்பதற்கும், பிறவிக் கண்புரையைத் தள்ளிப்போடக் கூடாது என்பதற்கும் காரணம் இதே.

அடுத்த முறை கண்ணைப் பற்றி எழுதும்போது பார்வை நரம்போடு நிறுத்தாமல் மூளை வரை போங்கள். முடிந்தால் சோம்பல் கண்ணுக்கு ஒரு பக்கம் ஒதுக்குங்கள். மாமியாருக்கு வாசித்துக் காட்ட வேண்டும்.

– ஒரு வாசகி, தஞ்சாவூர்