ரத்தத்தை விற்ற விளம்பரக்காரர்

அன்புள்ள முரளி,

கடிதம் கிடைத்தது. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. இங்கே எல்லாரும் சவுக்கியம். என் முட்டிவலி மட்டும் பழையபடிதான்.

பையன் வேலையை விட்டுவிட்டுப் பேய்ப்படம் எடுக்கப்போகிறேன் என்று நிற்கிறான், நாலு வார்த்தை எடுத்துச் சொல் என்று எழுதியிருந்தாய். விளம்பரம் எழுதிப் பிழைத்தவனிடம் போய்க் கேட்கிறாயே! அந்த வகையில் எனக்குத் தெரிந்த ஒரே ஆள் ஹெர்ஷல் கார்டன் லூயிஸ். தபாலில் வீட்டுக்கு வரும் விளம்பரங்களை எழுதுவது எப்படி என்று இருபதுக்கும் மேல் புத்தகம் போட்டவர், எங்கள் தொழிலில் பெரிய தலை. அமெரிக்காவில் ரத்தக்களறிப் படங்களுக்குப் பிள்ளையார் சுழி போட்டதும் இதே மனிதர்தான்.

1926-ல் பிட்ஸ்பர்க்கில் பிறந்தவர். கொஞ்ச காலம் கல்லூரியில் ஆங்கில இலக்கியம் நடத்திவிட்டு, சிகாகோவில் விளம்பரத்துக்கு வந்தார். டேவிட் ஃப்ரீட்மன் என்ற கூட்டாளியோடு சேர்ந்து மலிவு விலையில் நிர்வாணப் படங்கள் எடுத்தார். ஆளாளுக்கு அதையே எடுக்க ஆரம்பித்ததும் வியாபாரம் படுத்துவிட்டது. சரி, பெரிய ஸ்டுடியோக்கள் தொடத் துணியாத சரக்கு வேறு என்ன இருக்கிறது என்று இருவரும் யோசித்தார்கள். ரத்தம் என்று முடிவானது. கலை தாகம், கத்திரிக்காய் எதுவும் கிடையாது.

1963-ல் மயாமியில் 'பிளட் ஃபீஸ்ட்' எடுத்தார்கள். செலவு ஏறத்தாழ 24,500 டாலர். கேமரா பிடித்ததும் லூயிஸ், இசையும் லூயிஸ். ஹிட்ச்காக் எடுத்த 'சைக்கோ' திகில் படம் கறுப்பு வெள்ளை என்பதால், ரத்தத்துக்குப் பதில் சாக்லேட் சிரப்பை ஊற்றியே அவர் சமாளித்துவிட்டார். லூயிஸுடையது கலர் படம். கடையில் கிடைத்த மேடை ரத்தமோ ஊதா அடித்தது. ஒரு அழகுசாதன ஆய்வகத்தைப் பிடித்து, வயிற்றுப்போக்கு மருந்தில் நிறம் சேர்த்துப் பளிச்சென்ற சிவப்பில் செய்ய வைத்தார். நடிகர்கள் விழுங்கினாலும் ஒன்றும் ஆகாது! ஒரு பெண்ணின் நாக்கைப் பிடுங்குகிற காட்சிக்கு ஆட்டு நாக்கு.

நடிப்பைப் பற்றிக் கேட்காதே, பள்ளிக்கூட ஆண்டுவிழா நாடகம் தேவலை. ஆனாலும் டிரைவ்-இன் தியேட்டர்களில் படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. டிக்கெட்டோடு வாந்திப் பையும் கொடுத்தார்கள். அந்தப் பை படத்தைவிட நல்ல சரக்கு என்பேன்.

அடுத்த வருடம் 'டூ தவுசண்ட் மேனியாக்ஸ்'. அமெரிக்க உள்நாட்டுப் போரில் வடக்கத்தியாரால் அழிந்த தெற்கத்தி ஊர் நூறு வருடம் கழித்து எழுந்து, வழிதவறி வரும் வடக்கத்தியாரைப் பழிவாங்குகிறது. ஃப்ளோரிடாவில் செயின்ட் கிளவுட் என்ற சின்ன ஊரில், உள்ளூர் ஜனங்களையே நடிக்க வைத்து எடுத்தார். பாட்டும் அவர் குரல்தான். அவர் எடுத்ததில் உருப்படியானது இதுதான்.

அப்புறம் 'மான்ஸ்டர் எ கோ-கோ' கூத்து. ஒரே டிக்கெட்டில் இரண்டு படம் காட்ட அவருக்கு இன்னொரு படம் தேவைப்பட்டது. யாரோ காசில்லாமல் பாதியில் கைவிட்டதை வாங்கி, அங்கங்கே ஒட்டுப்போட்டு 1965-ல் வெளியிட்டார். க்ளைமாக்ஸுக்கு ஃபுட்டேஜ் இல்லை. என்ன செய்தார் தெரியுமா? அரக்கன் என்று யாரும் இருக்கவே இல்லை என்று பின்னணிக் குரலில் சொல்லிக் கதையை முடித்துவிட்டார்!

1972-க்குப் பிறகு சினிமாவை விட்டார். நடுவில் மோசடி வழக்கில் ஜெயிலுக்கும் போனார், அதை மறைத்துச் சொல்ல முடியாது. பிறகு விளம்பர எழுத்தில்தான் நிலைத்தார். 2002-ல் பழைய ரசிகர்களுக்காக 'பிளட் ஃபீஸ்ட்' இரண்டாம் பாகம் எடுத்தார். 2016-ல் 90 வயதில் போய்ச் சேர்ந்தார்.

இதையெல்லாம் சொல்லிப் பையனை மிரட்டிவிடாதே. கதையைக் கூடக் கேட்க வேண்டாம். யார் காசு கொடுத்துப் பார்ப்பார்கள், எங்கே வெளியிடப் போகிறாய் என்று மட்டும் கேள். லூயிஸ் கேமராவை எடுக்கும் முன்பே அதற்குப் பதில் வைத்திருப்பார். பையனிடமும் பதில் இருந்தால் குறுக்கே நிற்காதே. இல்லையென்றால் இன்னும் ஆறு மாதம் ஆபீஸ் போகட்டும்.

ஞாயிற்றுக்கிழமை எனக்குப் போன் பண்ணச் சொல். போஸ்டருக்கு வாசகம் வேண்டுமானால் எழுதித் தருகிறேன், காசு வேண்டாம். அம்மாவை விசாரித்ததாகச் சொல்.

உன்,
பாஸ்கர்