நீ சொல்லாத நன்றி

அன்புள்ள ஷியாஜி,

போன் போட்டால் உன் குரல்பெட்டி நிறைந்துவிட்டது என்று ஒரு பெண் சொல்கிறாள். ஜனவரியிலிருந்து அவள் குரலைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறேன். அதனால்தான் தபால். ஃபீனிக்ஸில் நீ இன்னும் அதே வீட்டில்தான் இருக்கிறாய் என்று உன் தம்பி சொன்னான். அவனிடம் பேசுகிறாய் என்பது வரைக்கும் சந்தோஷம்.

கறுப்பு மூஞ்சி ஆடு இரட்டைக் குட்டி போட்டிருக்கிறது. ஒன்றைத் தாய் கிட்டவே சேர்க்கவில்லை. அடுப்புக்குப் பக்கத்தில் அட்டைப்பெட்டியில் வைத்துப் புட்டிப்பால் கொடுக்கிறேன், ராத்திரியில் இரண்டு முறை எழுந்திருக்க வேண்டியிருக்கிறது. காற்று இந்த வருஷம் மோசம். வண்டிக்கு எண்ணெய் மாற்றினாயா? ராத்திரியில் மட்டும் ஓட்டாதே. கேனாடோ பக்கம் குதிரைகள் ரோட்டிலேயே நிற்கின்றன, வெளிச்சம் அடித்தாலும் நகர்வதில்லை.

சனிக்கிழமை கேலப் சந்தைக்குப் போனேன். வறுத்த ரொட்டி விற்கிற இடத்தில் உன் அத்தையைப் பார்த்தேன். நம் நவஹோ நாட்டுத் தலைநகர் வின்டோ ராக்கில் தேர்தல் அலுவலகத்திலிருந்து நீ வெளியே வந்ததைப் பார்த்தாளாம், கையில் பெரிய பழுப்பு உறை இருந்ததாம். என்ன உறை என்று நான் கேட்கப்போவதில்லை. உனக்கு 27 வயது, நீ எங்கே போனாலும் என்னிடம் சொல்லிவிட்டுப் போக வேண்டியதில்லை. ஆனால் வின்டோ ராக் வரைக்கும் வந்தவளுக்கு அங்கிருந்து வீடு ஒரு மணி நேரம்தான். ஸ்டூ அடுப்பில் இருந்தது. அவ்வளவுதான் சொல்கிறேன்.

போன மாதம் நம் ஊர்ச்சபையான சாப்டரின் கூட்டம் நடக்கவில்லை. 25 பேர் வந்தால்தானே தீர்மானம் போடலாம், 21 பேர்தான் வந்தோம். இரண்டு மணி நேரம் காபி குடித்துக்கொண்டு காத்திருந்துவிட்டுக் கலைந்தோம். நவஹோ கவுன்சில் உறுப்பினரும் வரவில்லை. அவரையும் என்ன சொல்ல? 88 பேர் இருந்த கவுன்சிலை 24 ஆக்கச் சொல்லி 2009 டிசம்பரில் வோட்டுப் போட்டது நாம்தான். 110 சாப்டர், 24 ஆள். நம் சாப்டரோடு இன்னும் எத்தனையோ சாப்டர்களை அவர் ஒருவரே பார்க்க வேண்டும். பணம் மிச்சமாகும், சண்டை குறையும் என்று நம்பித்தான் நானும் குறைக்கச் சொல்லிப் போட்டேன். இப்போது நம் மண்ரோடு பழுதானால் யாரிடம் சொல்வது என்று தெரியாமல் ரேடியோவைக் கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

உன்னை ஒருநாள் கவுன்சில் மண்டபத்துக்குக் கூட்டிப்போனது ஞாபகம் இருக்கிறதா? அப்போது உனக்கு ஏழு வயது, 88 பேரும் இருந்த காலம். கட்டடத்தைப் பார்த்ததும், இது பாட்டியின் ஹோகன் வீடுதான், யாரோ ஊதிப் பெரிசாக்கிவிட்டார்கள் என்றாய். எட்டு மூலைச் செங்கல் கட்டடம் என்று அங்கே ஒருவர் சொல்ல, செங்கல் இல்லை, நம் ஊர் மணற்கல் என்று நீ அவரைத் திருத்தினாய். உள்ளே சுவர் முழுக்க ஜெரால்ட் நெய்லர் வரைந்த படங்கள். நீ குதிரைகளை எண்ணவே இல்லை, ஆட்களை எண்ணினாய். நாற்காலிகளில் பெண்கள் ஏன் இவ்வளவு கம்மி என்று கேட்டாய். நான் உஷ் என்றேன்.

இப்போது கேட்டிருந்தால் வேறு பதில் சொல்லியிருப்பேன். 2023 ஜனவரியில் ரிச்செல் மொன்டோயா நவஹோ நாட்டின் துணைத் தலைவராகப் பதவி ஏற்றார், கிறிஸ்டலின் கர்லி கவுன்சில் சபாநாயகர் ஆனார். இரண்டு பதவிக்கும் அவர்கள்தான் முதல் பெண்கள். பெண் தலைமைக்கு வந்தால் கேடு வரும் என்று சொல்கிற பெரியவர்கள் நம் சாப்டரில் இன்னும் இருக்கிறார்கள். அதே பெரியவர்கள் ஆட்டையும் வீட்டையும் குலத்தையும் அம்மா வழியில்தான் வாங்கிக்கொண்டார்கள். அன்று ரேடியோவில் பதவி ஏற்பைக் கேட்டபோது எனக்கு உன் ஞாபகம்தான் வந்தது. உன்னிடம் சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம்.

பயமும் இருக்கிறது, அதையும் எழுதிவிடுகிறேன். 1989 பிப்ரவரியில் கவுன்சில் அப்போதைய சேர்மன் பீட்டர் மக்டொனால்டைப் பதவியிலிருந்து விலக்கி வைத்தது. ஜூலை 20 ராத்திரி அவர் பக்கத்து ஆட்கள் வின்டோ ராக்கில் கூடினார்கள். துப்பாக்கிச் சூட்டில் இரண்டு பேர் செத்தார்கள். உன் மாமா அன்று அங்கே போயிருந்தான். விடியற்காலையில் வந்து, ஷூவைக்கூடக் கழற்றாமல் வாசல்படியில் உட்கார்ந்திருந்தான். அப்புறம்தான் சேர்மன் பதவியை எடுத்துவிட்டு, தலைவர் தனி, சபாநாயகர் தனி, நீதிமன்றம் தனி என்று பிரித்தார்கள். ஒரே ஆள் கையில் எல்லாம் இருந்தால் என்ன ஆகும் என்று எங்கள் தலைமுறைக்குத் தெரியும். நம் ஊரில் பதவி என்றால் கூடவே சொந்தக்காரர்களும் வருவார்கள். எதிரில் நிற்பவனும் உனக்குக் குலத்தால் அண்ணனாகவோ மாமாவாகவோ இருப்பான். அவனைக் கேள்வி கேட்டுவிட்டு அவன் வீட்டுச் சடங்குக்கும் போய் மாவு பிசைய வேண்டும். இது உன்னைத் தடுப்பதற்காகச் சொல்வதில்லை. நன்றாகச் சாப்பிடு. ராத்திரியில் ஓட்டாதே.

சரி. ஜனவரிக் கூட்டத்தைப் பற்றி எழுதாமல் இந்தக் காகிதத்தை மடிக்க முடியாது. மூன்று தடவை மடித்துப் பார்த்துவிட்டேன்.

நம் மக்களைச் சிறை வைத்திருந்த ஹ்வேல்டியில் நடந்ததை உன் பாட்டி சொல்லித்தான் நீயும் கேட்டிருக்கிறாய். 1868-இல் அமெரிக்க ஜெனரல் ஷெர்மன் நம்மை ஓக்லஹோமா பக்கம் அனுப்பிவிடப் பார்த்தார், நம் தலைவர் பார்பொன்சிட்டோ எழுந்து நின்று எங்கள் ஊருக்குத்தான் போவோம் என்றார், ஜூன் 1 அன்று ஒப்பந்தம் ஆயிற்று. பாட்டி சொல்லாத ஒன்றை நான் பிற்பாடு தெரிந்துகொண்டேன். பார்பொன்சிட்டோவுக்கு ஆங்கிலம் தெரியாது. அவர் சொன்னதை ஹெசூஸ் அர்விசோ ஸ்பானிஷில் சொன்னார், அதைச் சதர்லாண்ட் என்பவர் ஷெர்மனுக்கு ஆங்கிலத்தில் சொன்னார். இரண்டு வாய் தாண்டிப் போன பேச்சு அது. பட்டினியில் கிடந்த அத்தனை ஆயிரம் பேரின் ஊர் திரும்பும் ஆசையும் அந்த இரண்டு வாய் வழியாகத்தான் போயிற்று. வழியில் ஒருவர் பயந்து ஒரு வாக்கியத்தை விழுங்கியிருந்தால் நீயும் நானும் எங்கே இருப்போம்?

1923-இல் எண்ணெய்க் கம்பெனிக்குக் கையெழுத்துப் போட்டுக் கொடுக்க அரசாங்கத்துக்கு ஒரு கவுன்சில் தேவைப்பட்டது. அதற்கு முதல் சேர்மன் சீ டாட்ஜ். அவர் பெரிய பணக்காரர்தான், ஆனால் சின்ன வயதில் அவரை மேலே கொண்டுவந்தது பணம் இல்லை, ஃபோர்ட் டிஃபையன்ஸில் துபாஷியாக இருந்தார். இரண்டு பக்கமும் அவர் சொல்வதைத்தான் நம்ப வேண்டியிருந்தது. அவர் மகள் ஆனி வானிகா 1951-இல் கவுன்சிலுக்கு வந்தார். காசநோய்க்காக ஹோகன் ஹோகனாக அலைந்தார். டாக்டர் சொல்கிற ஆங்கில வார்த்தைகளுக்கு நம் மொழியில் வார்த்தை தேடி ஓர் அகராதியே செய்ய உதவினார். நம் மக்களிடம் தலைவருக்குப் பெயர் நாட்டானி, அதாவது பேசத் தெரிந்தவர். ஒருவர் சொன்னதை இன்னொருவரிடம் குறையாமல் கொண்டுபோய்ச் சேர்க்கிறவர்.

ஜனவரியில் நீ காகிதத்தைப் பிடித்துக்கொண்டு எழுந்தாய். கை நடுங்கியது, ஆனால் குரல் நடுங்கவில்லை. முன்வரிசையில் நாலு பாட்டிமார், மடியில் கம்பளம். அவர்களுக்காக நான் உன் பக்கத்தில் நின்று மொழிபெயர்த்தேன். தண்ணீர்க் குழாய்க்குப் பணம் வந்து ஏழு வருஷம் ஆயிற்று, குழாய் ரோட்டோரம் வெயிலில் வெடித்துக் கிடக்கிறது, கணக்கை இந்தச் சுவரில் ஒட்டுங்கள் என்றாய். என் பாட்டி சாகிற வரைக்கும் பிக்கப்பில் தண்ணீர் சுமந்தாள், ஒவ்வொரு வருஷமும் அடுத்த வருஷம் என்றுதான் இந்த மேசை சொன்னது என்றாய். மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தவன் என் சித்தி மகன், உனக்கு மாமா முறை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

நான் பாட்டிமாரிடம் சொன்னது இவ்வளவுதான். இவள் என் மகள். நமக்குத் தண்ணீர் வேண்டும் என்கிறாள். அதிகாரிகளுக்கு அஹேஹே சொல்கிறாள்.

உனக்கு நம் மொழி தெரியாது. ஆனால் அஹேஹே என்றால் நன்றி என்று தெரியும். சட்டென்று என் பக்கம் திரும்பினாயே, அந்த முகம் என் கண்ணை விட்டுப் போகவில்லை. நீ யாருக்கும் நன்றி சொல்லவில்லை. பாட்டிமார் தலையாட்டினார்கள். ஒருத்தி, நல்ல பிள்ளை, நம் பேச்சுத் தெரிந்திருந்தால் இன்னும் நன்றாயிருக்கும் என்றாள். அதை மட்டும் ஒரு சொல் விடாமல் உனக்குச் சொன்னேன். ஏன் அப்படிச் செய்தேன் என்று என்னையே கேட்டுப் பார்த்தேன். என் தம்பி முகம் சுருங்கக்கூடாது என்று நினைத்தேன். உன்னை யாரும் திட்டிவிடக்கூடாது என்றும் நினைத்தேன். எதைச் சொன்னாலும் உன் பேச்சைத் தின்றது நான்தான்.

உனக்கு ஏன் மொழி தெரியாது என்பதும் என் கணக்கில்தான் வரும். போர்டிங் பள்ளியில் நம் மொழி பேசினால் வாயில் சோப்பு வைத்தார்கள். அந்தக் கசப்பு உனக்கு வேண்டாம் என்று தொட்டிலிலிருந்தே உன்னிடம் ஆங்கிலம் பேசினேன். அது சரி என்றுகூட வைத்துக்கொள்ளலாம். ஆனால் 2014-இல் கிறிஸ் டெஷீனுக்கு மொழி போதாது என்று தலைவர் தேர்தலிலிருந்து எடுத்துவிட்டார்களே, அடுத்த வருஷம் ஜூலையில் வோட்டு வைத்தார்கள், ஒருவருக்கு மொழி போதுமா என்பதை வோட்டுப் போடுகிறவர்களே தீர்மானிக்கட்டும் என்று. மாற்றச் சொன்னவர்கள்தான் ஜெயித்தார்கள். நான் கூடாது என்று போட்டேன், ஷியாஜி. தலைவர் என்றால் நம் மொழி பேச வேண்டும் என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டு போட்டேன். அன்று உனக்கு 16 வயது. பின்சீட்டில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தாய். உனக்கும் சேர்த்துத்தான் கதவைச் சாத்தினேன் என்று அப்போது தோன்றவே இல்லை.

உன் காகிதத்தை நாற்காலியிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டாய். அதை எடுத்து வைத்திருக்கிறேன். இந்த இரண்டு மாதமாக அடுப்பு வேலை முடிந்ததும் உட்கார்ந்து நம் மொழியில் எழுதுகிறேன். பன்னிரண்டு வாக்கியம். கணக்குத் தணிக்கை என்ற வார்த்தைக்கு இரண்டு நாள் ஆயிற்று. கடைசியில், பட்டியில் ஆட்டை அடைக்கிறபோது இரண்டு பேர் தனித்தனியாக எண்ணிச் சரிபார்க்கிற மாதிரி என்று எழுதியிருக்கிறேன். பாட்டிமாருக்குப் புரியும்.

ஏப்ரல் கூட்டம் இரண்டாவது ஞாயிறு, காலை பத்து மணி. செயலாளரிடம் சொல்லி நிகழ்ச்சி நிரலில் என் பெயரைப் போட்டுவிட்டேன். ஜனவரியில் என் மகள் பேசியதை நான் தப்பாகச் சொன்னேன் என்று சொல்லிவிட்டு, பன்னிரண்டையும் படிக்கப்போகிறேன். என் தம்பியிடம் முன்னாலேயே போய்ச் சொல்லிவிட்டேன். டீகூடக் கொடுக்கவில்லை. பரவாயில்லை.

நீ வந்தாலும் வராவிட்டாலும் படிப்பேன். வந்தால், நான் ஏதாவது விட்டால் கையைத் தூக்கு. 25 பேருக்கு ஆளும் குறைகிறது, உன் பெயர் இன்னும் இங்கேதானே பதிவாகியிருக்கிறது. அந்தப் பழுப்பு உறையைப் பற்றி நீயாகச் சொன்னால் கேட்டுக்கொள்கிறேன்.

சனிக்கிழமை வெளிச்சத்திலேயே கிளம்பிவிடு. புட்டிப்பால் குட்டிக்கு இன்னும் பேர் வைக்கவில்லை.

உன் அம்மா