லெம்பாஸ் சத்து பிஸ்கட் அல்ல

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் வெளியான கற்பனை உலகத்து உணவுகள் பற்றிய கட்டுரையில், ஜே.ஆர்.ஆர். டோல்கீன் ‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ நாவலில் படைத்த எல்ஃப் என்ற கற்பனை இனத்தாரின் பயண ரொட்டியான லெம்பாஸை ‘சத்து பிஸ்கட்’ என்று அறிமுகப்படுத்தி, மைதா, வெண்ணெய், தேன், எலுமிச்சைத் தோல் துருவல் என்று செய்முறையும் கொடுத்திருந்தீர்கள். அதைப் படித்துவிட்டு நாலு பேர் அந்த நூல்களைத் தேடிப் போனால் மகிழ்ச்சியே. ஆனாலும், முப்பது ஆண்டுகள் கல்லூரியில் ஆங்கில இலக்கியம் நடத்தியவன் என்ற முறையில், ‘சத்து பிஸ்கட்’ என்ற சொல் எனக்கு நெருடலாகவே இருக்கிறது.

கட்டுரையாளருக்கு முன்பே இந்தத் தவறைச் செய்தவர் நூலுக்குள்ளேயே உண்டு. குள்ளர் இனத்துக் கிம்லி, லெம்பாஸை முதலில் பார்த்ததும், டேல் நாட்டார் பயணத்துக்குச் சுடும் ‘கிராம்’ என்ற வறட்டு ரொட்டி என்றுதான் நினைக்கிறார். ஒரு விள்ளல் வாயில் போட்ட பிறகே வித்தியாசம் புரிகிறது. ‘ஒரு சிறு கடியே வளர்ந்த ஆளின் வயிற்றை நிரப்பும்’ என்று கட்டுரையில் வந்திருப்பதும் திரைப்பட வசனமே தவிர, நூலில் உள்ளதன்று. 1954இல் வெளிவந்த நாவலின் முதல் பாகத்தின்படி, முழுதாக ஒரு வில்லை உண்டவர் நாள் முழுவதும் பாடுபட்டாலும் தளராமல் நடப்பார், அவ்வளவே. வயிறு நிறைவதைப் பொறுத்தவரை நூல் சொல்வது நேர்மாறானது. பகைவன் நாடான மோர்டோரின் பாழ்நிலத்தில் வேறு உணவின்றி நடக்கும் சாம் என்ற பாத்திரம், சாதாரண ரொட்டிக்கும் இறைச்சிக்கும் ஏங்கித் தவிக்கிறது. லெம்பாஸ் அந்த ஏக்கத்தைத் தணிப்பதே இல்லை. மற்ற உணவோடு கலக்காமல் அதை மட்டுமே நம்பி இருப்பவர்களுக்கு அதன் வலிமை கூடிக்கொண்டே போகிறது என்றும், அது ஊட்டி வளர்ப்பது மன உறுதியை என்றும் ஆசிரியர் எழுதுகிறார். அதே பண்டத்தைத் தீமையில் சீரழிந்த கோல்லம் என்பவன் வாயில் வைத்ததும், புழுதியைத் தின்றவன்போல இருமித் துப்பிவிடுகிறான். கலோரிக் கணக்கு பார்த்துச் செய்த பிஸ்கட் எதுவும் உண்பவரைப் பார்த்து இப்படி மாறுவதில்லை.

டோல்கீனே இதற்குப் பதில் சொல்லியிருக்கிறார். 1958இல், தம் நாவலுக்காக எழுதப்பட்ட ஒரு திரைக்கதை முன்வரைவில் லெம்பாஸைச் செறிவூட்டிய உணவு என்ற பொருளில் குறித்திருந்ததைக் கண்டு, அவர் கடிதத்தில் கடுமையாகவே மறுத்தார். எந்த ஆய்வுக்கூடத்தில் சோதித்தாலும், மற்றக் கோதுமைப் பண்டங்களைவிட மேலான இரசாயனக் குணம் எதுவும் அதில் அகப்படாது என்பது அவர் வாதம். குறைந்த உணவோடு நெடுந்தூரம் நடப்பதை நம்பவைக்க அது கதைக்கு உதவுகிறது என்பதை ஒப்புக்கொண்டு, அதைவிடப் பெரிய, தயங்கித் தயங்கி ‘சமயம் சார்ந்தது’ எனலாம் என்ற தன்மை அதற்கு உண்டு என்கிறார். அவர் கத்தோலிக்கர். மரணத் தறுவாயில் இருப்பவருக்கு அச்சமயத்தார் அளிக்கும் நற்கருணைக்கு ‘வழிப்பயணத்துக்கான உணவு’ என்று பொருள்படும் இலத்தீன் பெயர் இருப்பதை எண்ணும்போது, அந்தத் தயக்கம் புரிகிறது.

கட்டுரை அறவே விட்டுவிட்டது சடங்கைத்தான். 1977இல் வெளியான டோல்கீனின் ‘சில்மரில்லியன்’ நூலில், டூரின் என்ற மனிதனுக்குத் துணை போகும் பெலெக் என்ற எல்ஃபிடம் அரசி மெலியான் லெம்பாஸைக் கொடுத்தனுப்புகிறாள். வெள்ளி இலைகளில் பொதிந்து, கட்டிய நூலின் முடிச்சுகளில் ஒற்றைப் பூ வடிவத்தில் வெண்மெழுகு முத்திரை வைத்த பொதி அது. எல்ஃபுகளின் வழக்கப்படி அதைக் காப்பதும் கொடுப்பதும் அரசி ஒருத்திக்கே உரிய உரிமை. அதுவரை மனிதர் எவருக்கும் அது தரப்பட்டதில்லை. தானியத்தை அறுக்க உலோக அரிவாள் கூடாது, கதிர்களைக் கையால்தான் கொய்ய வேண்டும், மாவு பிசைந்து சுடுவதும் அதற்கென உள்ள பெண்களே என்ற விதிகளை, டோல்கீன் மறைந்து பல ஆண்டுகள் கழித்து 1996இல் அச்சான குறிப்புகளில் காணலாம். ஆக்ஸ்ஃபோர்டில் பழைய ஆங்கிலம் கற்பித்த பேராசிரியருக்கு, ‘லேடி’ என்ற சொல்லே ‘ரொட்டி பிசைபவள்’ என்ற பழஞ்சொல்லிலிருந்து வந்தது என்பது தெரியாமலா இருந்திருக்கும்!

செய்முறையைக் குறைசொல்ல நான் வரவில்லை. என் பேத்தி அதைப் பார்த்துச் சுட்டதில், நூலில் வருவதுபோலவே மேலே வெளிர் பழுப்பும் உள்ளே பாலேட்டின் நிறமுமாக வந்தது. நூலில் லெம்பாஸைப் பொதியும் மல்லோர்ன் மரத்து இலைக்கு எங்கே போவது? கொல்லை வாழையிலையை அனலில் வாட்டி, மடித்து, நாரால் கட்டி வைத்தாள். நான்காம் நாள் பிரித்தால் இலை ஒட்டிய பக்கம் ஈரம் கோத்து, ஓரமெல்லாம் பச்சைப் பூஞ்சணம். “ராணி முத்திரை வைக்கலியே தாத்தா, அதான்” என்றாள். கட்டுரையாளரைவிட அவள் நூலை நன்றாகப் படித்திருக்கிறாள்.

பெயர் குறித்து ஒரு வேண்டுகோள். லெம்பாஸ் என்பதற்கு எல்ஃப் மொழியில் ‘வழிப்பயண ரொட்டி’ என்று பொருள். அவர்களுடைய மூத்த மொழியில் அதன் பெயர் ‘உயிர் ரொட்டி’. கல்யாணம் முடிந்து புறப்படும் சம்பந்தி வீட்டாருக்குக் கட்டுச்சாதக் கூடை கொடுத்தனுப்பும் வழக்கம் உள்ள நமக்கு, இதற்குச் சொல் தேடி அலைய வேண்டியதில்லை. ‘கட்டமுது’ என்றால் பொதிந்து கொடுத்ததும் விளங்கும், உயிர் தருவதும் விளங்கும். திரைப்பட வசனத்தை நூலின் கூற்றாகச் சொன்னதற்கு ஒரு திருத்தம் வெளியிடும்போது, ‘சத்து பிஸ்கட்’ என்ற தலைப்பையும் மாற்றிவிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆங்கில விரிவுரையாளர் ஒருவர்,
கும்பகோணம்.