காப்பீட்டு நிறுவனம் யாருக்குக் கடமைப்பட்டது

விழுப்புரம்

அன்புள்ள சுந்தரம்,

உன் கடிதம் நேற்றுக் கிடைத்தது. உன் தம்பி மருமகன் உளுந்தூர்பேட்டை அருகே சரக்கு வேன் மோதி இறந்த செய்தி முன்பே காதுக்கு வந்திருந்தது; ஆனாலும் முப்பத்து நான்கு வயது, இரண்டு குழந்தைகள், வயதான தாய் என்று நீ எழுதியிருப்பதைப் படித்தபோது மனம் ஆறவில்லை. துக்கத்தைப் பற்றி நேரில் பேசுவோம். நீ கேட்டிருப்பது இழப்பீட்டைப் பற்றி என்பதால், காப்பீட்டு நிறுவனத்தின் சட்டப் பிரிவிலேயே தலை நரைத்தவன் என்ற முறையில், தெரிந்ததைத் தெளிவாக எழுதுகிறேன்.

வேனுக்குக் காப்பீடு கொடுத்த நிறுவனத்திலிருந்து ஓர் அதிகாரி வந்து ஐந்து லட்சம் தருவதாகச் சொன்னார் என்று எழுதியிருக்கிறாய். அவர் வந்ததில் தவறில்லை. மோட்டார் வாகனச் சட்டத்தில் 2019இல் செய்த திருத்தத்தின்படி, விபத்துத் தகவல் கிடைத்ததும் நிறுவனம் ஓர் அதிகாரியை நியமிக்க வேண்டும்; அவர் முப்பது நாளுக்குள் ஒரு தொகையை முன்வைக்கலாம். ஆனால் ஐந்து லட்சம் என்பது, யார்மீது தவறு என்று நிரூபிக்கத் தேவையில்லாமலேயே 164ஆம் பிரிவு மரணத்துக்கு நிர்ணயித்திருக்கும் தொகை. அதை ஏற்றுக் கையெழுத்திட்டால், 166ஆம் பிரிவில் முழு இழப்பீடு கேட்டுப் போடும் மனு அத்தோடு செயலற்றுப் போகும். மறுத்தால் குடும்பத்துக்கு இழப்பு எதுவுமில்லை. மோட்டார் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம் வழக்கை விசாரித்து முடிவு செய்யும். ஆகவே எந்தத் தாளிலும் இப்போது கையெழுத்துப் போட வேண்டாம் என்று இறந்தவரின் மனைவியிடம் இன்றே சொல்லிவிடு.

முழு இழப்பீடு எவ்வளவு வரும் என்பதை உச்ச நீதிமன்றத்தின் 2009ஆம் ஆண்டு சரளா வர்மா வழக்கும், 2017இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்த்த பிரணய் சேத்தி வழக்கும் ஏறக்குறைய கணக்குப் பாடமாகவே ஆக்கிவிட்டன. இறந்தவர் சொந்தமாக எலெக்ட்ரீஷியன் வேலை செய்து மாதம் இருபதாயிரம் சம்பாதித்தார் என்கிறாய். நாற்பது வயதுக்குட்பட்ட சுயதொழில் செய்பவர் என்பதால் எதிர்கால வருமான உயர்வுக்காக 40 சதவீதம் கூட்டினால் 28,000 ஆகும். சார்ந்திருப்பவர்கள் நால்வர் என்பதால் அவருடைய சொந்தச் செலவுக்கு நான்கில் ஒரு பங்கைக் கழிக்க, 21,000 மிஞ்சும். அதை ஆண்டுக் கணக்காக்கி, அந்த வயதுக்குரிய 16 என்ற பெருக்கெண்ணால் பெருக்கினால் 40,32,000 ரூபாய் வருகிறது. மனைவி, குழந்தைகள், தாய் ஆகியோர் அவரை இழந்ததற்கான தொகை, ஈமச்செலவு, வட்டி எல்லாம் இதற்கு மேல். ஆனால் இருபதாயிரத்துக்கு ஆதாரம் இல்லையென்று தீர்ப்பாயம் பன்னிரண்டாயிரம் என மதிப்பிட்டுவிட்டால், இதே கணக்கு 24,19,200 ரூபாயில் நின்றுவிடும். பதினாறு லட்சம் போவது சட்டத்தால் அல்ல, ஒரு ரசீதுப் புத்தகம் இல்லாததால். வங்கிக் கணக்கு, ஜிபே வரவுகள், அவருக்கு வேலை கொடுத்த ஒப்பந்தக்காரரின் சாட்சியம் என எது கிடைத்தாலும் இப்போதே சேகரியுங்கள். முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, வாரிசுச் சான்றிதழ் ஆகியவற்றை வக்கீலே கேட்டு வாங்கிக்கொள்வார். வருமான ஆதாரத்தை வீட்டார்தாம் தேட வேண்டும்.

இனி உன்னைக் கலங்கவைத்த விஷயம். வேன் ஓட்டியவரிடம் இலகுரக வாகன உரிமம் மட்டுமே இருந்தது, சரக்கு வாகனத்துக்கான தனி அனுமதி இல்லை, ஆகவே நிறுவனம் பொறுப்பேற்காது என்று அந்த அதிகாரி பயமுறுத்தியிருக்கிறார். இதே வாதத்தை நானும் எத்தனையோ எதிர்வுரைகளில் எழுதியிருக்கிறேன். இன்று அது எடுபடாது. மொத்த எடை 7,500 கிலோவுக்குள் இருக்கும் வாகனத்தை, அது சரக்கு வாகனமே ஆனாலும், இலகுரக உரிமம் வைத்திருப்பவர் ஓட்டலாம் என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு உறுதி செய்துவிட்டது. வேனின் எடையை ஆர்.சி. புத்தகத்தில் பார்த்து எழுது.

உரிமம் உண்மையிலேயே செல்லாது என்று வைத்துக்கொண்டாலும், அதோடு எல்லாம் முடிந்துவிடுவதில்லை. உச்ச நீதிமன்றத்தின் 2004ஆம் ஆண்டு ஸ்வரண் சிங் தீர்ப்பின்படி, பாலிசி நிபந்தனையை உரிமையாளர் அசட்டையாக மீறினார் என்பதை நிரூபிக்கும் சுமை நிறுவனத்தின்மீதுதான் இருக்கிறது. நிரூபித்துவிட்டாலும், முதலில் குடும்பத்துக்குக் கொடுத்துவிட்டு, பிறகு உரிமையாளரிடம் வசூலித்துக்கொள் என்று தீர்ப்பாயம் உத்தரவிடலாம். நீதிமன்ற வட்டாரத்தில் இதை 'பே அண்ட் ரெகவரி' என்பார்கள். நிறுவனத்துக்குள் இருந்தபோது இந்த உத்தரவு வந்தாலே எங்களுக்கு முகம் சுளிக்கும், ஏனெனில் உரிமையாளர்களிடமிருந்து திரும்ப வசூலாவது அபூர்வம். இருந்தும் அதுதான் நியாயம் என்பதே என் முடிவு. மூன்றாம் நபர் காப்பீட்டைச் சட்டம் கட்டாயமாக்கியது சாலையில் அடிபடுபவனுக்காகவே. அவனுக்கும் அந்த பாலிசியின் நிபந்தனைகளுக்கும் எந்தச் சம்பந்தமும் கிடையாது. உரிமையாளரோடு நிறுவனத்துக்கு இருக்கும் வழக்கை அவர்கள் இருவரும் தீர்த்துக்கொள்ளட்டும், அதற்காக ஒரு விதவையை ஏன் ஆண்டுக்கணக்கில் காக்கவைக்க வேண்டும்?

இதற்கும் எல்லை உண்டு. சரக்கு வாகனத்தில் இலவசமாக ஏறிச் சென்றவர் இறந்தால் நிறுவனம் பெரும்பாலும் தப்பித்துக்கொள்ளும். நம் அரசுப் பேருந்துகள் பலவற்றுக்குக் காப்பீடே இருப்பதில்லை. அங்கே போக்குவரத்துக் கழகமே பணம் கட்ட வேண்டும், கட்டாதபோது பேருந்தை ஜப்தி செய்யும் செய்திகளை நீயும் படித்திருப்பாய். உங்கள் வழக்கில் இந்தச் சிக்கல்கள் எதுவும் இல்லை. ஹெல்மெட் அணியவில்லை என்று சொல்லிச் சிறு சதவீதம் குறைக்கப் பார்ப்பார்கள், அவ்வளவே.

விபத்து நடந்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் மனுப் போட வேண்டும் என்பது 2022 ஏப்ரல் முதல் நடைமுறையில் உள்ள விதி. தாமதித்து வாதாடுவதைவிடக் காலத்தில் போட்டுவிடுவதே மேல். அதற்காக உளுந்தூர்பேட்டை வரை அலைய வேண்டாம். அந்தப் பெண் இப்போது திருநெல்வேலியில் தாய்வீட்டில் இருப்பதால் அங்கேயே எம்.சி.ஓ.பி. எனப்படும் இந்த இழப்பீட்டு மனுவைத் தாக்கல் செய்யலாம். பணம் வரும்போது குழந்தைகளின் பங்கு அவர்கள் வயதுக்கு வரும்வரை வங்கியில் வைப்பாக இருக்கும் என்பதையும் உன் தம்பியிடம் முன்கூட்டியே சொல்லிவை, இல்லாவிட்டால் பின்னால் மனத்தாங்கல் வரும்.

முழங்கால் வலி இருந்தாலும் பயணம் செய்ய முடிகிறது. ஆர்.சி., பாலிசி நகல்களை வாட்ஸ்அப்பில் அனுப்பு. பார்த்துவிட்டு, வக்கீலைச் சந்திக்கும் நாளுக்கு நானும் நெல்லைக்கு வந்துவிடுகிறேன்.

அன்புடன்,
வேணு