சில்லறைக் கணக்கைக் கூறு போடு

தாராவி, மும்பை

அன்புள்ள பாப்பாவுக்கு,

இங்கே எல்லாரும் நலம். நீ அனுப்பிய வங்கித் தேர்வு மாதிரித் தாளைப் பார்த்தேன். கூட்டல் கழித்தலெல்லாம் சரிதான். நாணயக் கணக்கில்தான் மாட்டிக்கொள்கிறாய். காய்கறிக் கடைக்காரன் மகள் அதில் திணறலாமா?

அந்த முதல் கணக்கையே எடு. 1, 2, 5 ரூபாய் நாணயங்கள் 5:3:2 என்ற விகிதத்தில் இருக்கின்றன, மொத்தம் 420 ரூபாய், ஒவ்வொன்றிலும் எத்தனை நாணயம் என்பது கேள்வி. நீ 5 + 3 + 2 என்று கூட்டி, 420-ஐப் பத்தால் வகுத்துவிட்டாய். 5:3:2 என்பது எத்தனை காசு என்கிற கணக்கு, 420 என்பது எவ்வளவு பணம் என்கிற கணக்கு. இரண்டையும் நேராக வகுக்க முடியாது.

நம் கடையில் தக்காளியைக் கூறு கட்டுவோமே, அதேபோல் காசையும் கூறு போடு. ஒரு கூறில் ஐந்து ஒரு ரூபாய், மூன்று இரண்டு ரூபாய், இரண்டு ஐந்து ரூபாய். மதிப்பு 5 + 6 + 10 = 21 ரூபாய். 420-ஐ 21-ஆல் வகுத்தால் 20 கூறு. ஆக நாணயங்கள் 100, 60, 40. முடிந்தது. எக்ஸ், ஒய் எதுவும் வேண்டாம்.

இதிலேயே ஒன்றைக் கவனி. ஐந்து ரூபாய் நாணயங்கள் எண்ணிக்கையில் 20 சதவீதம்தான். பணத்திலோ 420-க்கு 200, ஏறத்தாழ 47.6 சதவீதம். கல்லாவைக் கவிழ்த்தால் கண்ணுக்கு ஒரு ரூபாய்க் காசாகத்தான் தெரியும், பணம் வேறு பக்கம் இருக்கும்.

சதவீதத்தில் கேட்டாலும் வழி அதுதான். "60 சதவீதம் இரண்டு ரூபாய், மீதி ஐந்து ரூபாய், மொத்தம் 480 ரூபாய்" என்றால் 60-க்கு 40, அதாவது 3:2. ஒரு கூறு 6 + 10 = 16 ரூபாய், 30 கூறு. 90-ம் 60-ம். 480-இல் 60 சதவீதம் எடுத்து 288 என்று எழுதிவிடாதே. தேர்ந்தெடுக்கக் கொடுக்கும் விடைகளில் அந்த 288-உம் ஒன்றாக இருக்கும், கேள்வி எழுதுபவர்கள் லேசுப்பட்டவர்கள் இல்லை.

சில கணக்கில் பணத்தின் விகிதத்தைத் தருவார்கள். 1, 2, 5 ரூபாய் நாணயங்களின் மதிப்பு 3:4:5 என்றால், ஒவ்வொன்றையும் அந்தந்த நாணயத்தின் மதிப்பால் வகு. 3, 2, 1. எண்ணிக்கையின் விகிதம் 3:2:1. அவசரத்தில் பெருக்கிவிடுகிறவர்கள்தான் அதிகம், அதனால் "எண்ணிக்கையா, மதிப்பா" என்று கேள்வியில் அடிக்கோடு போட்டுவிட்டு ஆரம்பி.

பழைய புத்தகங்களில் 25 பைசா வரும். 2011 ஜூன் மாதத்தோடு அது செல்லாமல் போய்விட்டது, ஆனாலும் கணக்கில் கால் ரூபாய்தான். அப்புறம், உன் கையிலிருக்கும் காசில் ஆண்டுக்குக் கீழே வைரம் போல ஒரு குறி இருந்தால் அது நம் மும்பை அக்கசாலையில் அடித்தது.

ஒன்று தருகிறேன். ஒரு டப்பாவில் 25 சதவீதம் இரண்டு ரூபாய், 50 சதவீதம் ஐந்து ரூபாய், மீதி பத்து ரூபாய். மொத்தம் 660 ரூபாய். எத்தனை நாணயம்? பேனா எடுக்காமல் போட்டு, ஞாயிற்றுக்கிழமை போனில் சொல். அம்மா முறுக்கு அனுப்பியிருக்கிறாள், வந்ததும் தகவல் கொடு.

அன்புடன்,
அப்பா